காவோ யாய் ஒன்றரை நாள் சுற்றுலா: கூண்டும் சங்கிலியும் இல்லாத தாய்லாந்து

பாங்காக்கில் எந்த விடுதியில் தங்கினாலும் வரவேற்பு மேசையில் ஒரு வண்ணத்தாள் இருக்கும். தாய்லாந்தின் கலாசாரம், வனவிலங்கு எல்லாம் ஒரே நாளில் என்று போட்டிருப்பார்கள். காலையில் மிதக்கும் சந்தை, மதியம் யானைச் சவாரி, புலிக்குட்டியோடு ஒரு போட்டோ, சாயங்காலம் நடனம். குடும்பத்தோடு போகிற நம் ஊர்க்காரர்களில் பலர் இதைத்தான் எடுக்கிறார்கள். நாங்கள் அதை விட்டுவிட்டு பாக் சோங் என்ற ஊருக்குப் போய், காவோ யாய் தேசியப் பூங்காவை ஒட்டி நடக்கும் ஒன்றரை நாள் சுற்றில் சேர்ந்தோம். ஐந்தே நாள் தாய்லாந்து போகிறவர்கள்கூட அதில் ஒன்றரை நாளை இதற்கு ஒதுக்கலாம் என்பது என் திடமான கருத்து.

நான் பொள்ளாச்சிக்காரி. டாப்சிலிப், வால்பாறைப் பக்கம் யானையைக் காட்டிலேயே பார்த்து வளர்ந்ததால் சவாரியில் எப்போதுமே மனம் போனதில்லை. தாய்லாந்தில் இதற்குப் பின்னால் ஒரு கதை இருக்கிறது. 1989-இல் அரசு காட்டு மரம் வெட்டுவதைத் தடை செய்தபோது, மரம் இழுத்துப் பிழைத்த யானைகளுக்கும் பாகன்களுக்கும் ஒரே நாளில் வேலை போனது. யானைக்குத் தீனி போட வேறு வழியில்லாமல் பலர் சுற்றுலாவுக்கு வந்து சேர்ந்தார்கள். அவர்களைக் குறை சொல்ல எனக்கு மனம் வரவில்லை. புலி விஷயம் அப்படியல்ல. காஞ்சனபுரியில் புலிக் கோயில் என்று பெயர் வாங்கியிருந்த மடத்திலிருந்து 2016-இல் 147 புலிகளை வனத்துறை வெளியே கொண்டுவந்தது. அப்போது உறைபெட்டிக்குள் நாற்பது குட்டிகளின் உடல்கள் கிடந்தன. அதற்கப்புறமும் புலிக்குட்டியை மடியில் வைத்துப் படம் எடுக்கக் காசு கொடுப்பது எப்படி என்று எனக்குப் புரியவில்லை.

சரி, சுற்றுக்கு வருகிறேன். பாங்காக்கின் புதிய குருங் தெப் அபிவத் நிலையத்தில் ரயில் ஏறினால் ஏறக்குறைய மூன்று மணி நேரத்தில் பாக் சோங். அங்கே சின்ன விடுதிகளும் வழிகாட்டிகளும் ஏறத்தாழ ஒரே சுற்றைத்தான் நடத்துகிறார்கள்: முதல் நாள் மதியத்திலிருந்து இருட்டும்வரை பூங்காவுக்கு வெளியே ஊற்று, குகைக் கோயில், வௌவால், மறுநாள் முழுக்கப் பூங்காவுக்குள். போக்குவரத்து, மதிய உணவு, நுழைவுக் கட்டணம் எல்லாம் சேர்த்து தாய்லாந்துப் பணமான பாட்டில் ஆளுக்கு இரண்டாயிரத்துக்குக் கொஞ்சம் கூட ஆனது. வெளிநாட்டவருக்குப் பூங்கா நுழைவே 400 பாட் என்பதால் இது நியாயமான விலை. வண்டி, சொங்தேவ் என்கிற பிக்கப். பின்பக்கம் எதிரெதிராக இரண்டு பெஞ்சு, மேலே கூரை, பக்கமெல்லாம் திறப்பு. ஏ.சி. வேன் வேண்டும் என்று கேட்காதீர்கள். காட்டில் பாதியைக் காதால்தான் பார்க்கிறோம், கண்ணாடி ஏற்றிய வண்டியில் அது கிடைக்காது.

முதல் நாள் ஊற்று எனக்குச் சுமாராகத்தான் இருந்தது. தண்ணீர் நீலப் பச்சையாக அடித்தரை தெரிகிற அளவுக்குத் தெளிவு. ஆனால் உள்ளூர்க் குடும்பங்கள் பாய் விரித்து உட்கார்ந்து பிள்ளைகளைக் குளிப்பாட்டுகிற இடத்தில் எங்களுக்கு ஒரு மணி நேரம் தேவைப்படவில்லை. அந்த நேரத்தைக் குகைக்குக் கொடுத்திருக்கலாம். சுண்ணாம்புக் குகை, உள்ளே புத்தர் சிலைகள், பிக்குகள் தியானம் செய்யும் மேடை. வாசலில் செருப்பைக் கழற்றிவிட்டு, தோளும் முட்டியும் மூடிக்கொண்டு நுழைய வேண்டும். பெண்கள் பிக்குவைத் தொடக்கூடாது, அவர் கையில் நேராக எதையும் கொடுக்கவும் கூடாது என்று வழிகாட்டி முன்கூட்டியே சொல்லிவிட்டார். டார்ச் வெளிச்சத்தில் சுவரோரமாகக் கை அகலச் சவுக்குச் சிலந்தி ஒன்று அசையாமல் நின்றது. சாட்டை மாதிரி நீண்ட முன்காலால் தடவித் தடவி வழி பார்க்குமாம், விஷம் கிடையாது. என் மகள் அதன் பக்கத்திலேயே குத்த வைத்து உட்கார்ந்துவிட்டாள். ஆனால் அடுத்த குழு வாசலில் காத்திருக்கிறது என்று சீக்கிரமே கிளப்பிவிட்டார்கள். இந்தச் சுற்றில் எனக்கு உண்மையான வருத்தம் இது ஒன்றுதான்.

பொழுது சாயும்போது வௌவால் குகைக்கு எதிரே மக்காச்சோளக் காட்டோரம் வண்டியை நிறுத்தினார்கள். மலைமேல் ஒரு கருப்புக் கோடு கிளம்பியது. கண்டிலிருந்து நூல் அவிழ்ந்து ஓடுகிற மாதிரி, அறுபடாமல், வளைந்து நெளிந்து, வானத்தின் மறுகோடிவரை. தலைக்கு மேல் வந்தபோது மழைச் சத்தம் கேட்டது, எல்லாம் சிறகுதான். வல்லூறு ஒன்று பக்கத்திலிருந்து பாய்ந்தபோது கோடு அந்த இடத்தில் மட்டும் பிளந்து மறுபடி சேர்ந்தது. இவை உதடு சுருங்கிய சிறு வௌவால்கள், பூச்சிதான் தீனி. நெல்லைச் சாறு உறிஞ்சிக் கொல்லும் தத்துப்பூச்சிகளை இவை அதிகம் தின்கின்றன என்பதைத் தாய்லாந்தில் ஆராய்ந்து பதிவு செய்திருக்கிறார்கள். புகையான் என்ற தத்துப்பூச்சி தாக்கிய வயலைப் பார்த்த விவசாயிக்கு இந்தக் கோட்டின் மதிப்பு உடனே தெரியும். என் அத்தைக்குத் தெரிந்தது. கல்யாணமானதிலிருந்து காடு கழனி பார்த்தவர். “இத்தனையும் நம்ம வயலுக்கு வந்தா மருந்தே வேண்டாமே கண்ணு” என்றார்.

மறுநாள் காலை, தனரத் சாலையில் பூங்கா வாசலுக்குப் போகிற வழியில் காவோ யாய் காவல் தெய்வத்தின் சன்னதி வருகிறது. கடந்து போகிற வண்டிகள் ஆரன் அடித்துவிட்டுப் போகின்றன. எங்கள் வழிகாட்டி இறங்கியே கும்பிட்டார். சின்னதும் பெரிதுமாக மர யானைகள், வரிக்குதிரை பொம்மைகள், ஸ்ட்ரா போட்டுத் திறந்து வைத்த சிவப்பு ஃபாண்டா குளிர்பான பாட்டில்கள். தாய்லாந்தில் வீட்டு முற்றத்துப் பூமிசாமி மாடங்களிலும் இந்தச் சிவப்புப் பானத்தைப் பார்க்கலாம். யாரும் விளக்கம் சொல்வதற்குள் அத்தை செருப்பைக் கழற்றிவிட்டு ஊதுபத்தி வாங்கிக்கொண்டார். நடன மேடையில் காட்டும் கலாசாரத்தைவிட இது எனக்கு நூறு மடங்கு பிடித்தது. யாரும் நமக்காக எதையும் நடத்திக் காட்டவில்லை, அவர்கள் வேலையை அவர்கள் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

காவோ யாய் தாய்லாந்தின் முதல் தேசியப் பூங்கா. 1962-இல் அறிவித்தார்கள், பரப்பு 2,168 சதுர கிலோமீட்டர். பக்கத்துக் காடுகளோடு சேர்த்து 2005-இல் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியப் பட்டியலில் வந்தது. உள்ளே நுழைந்து மலையேறியதும் முதலில் வந்தது கிப்பன் குரங்கின் குரல். ஜோடியாகப் பாடும். பெண் குரல் மெல்ல ஏறி, உச்சியில் நடுங்கி, இறங்கும்போது ஆண் பதில் கொடுக்கும். வெள்ளைக்கை கிப்பனும் தொப்பி கிப்பனும் இந்தக் காட்டின் ஒரு பகுதியில் கலந்து வாழ்கின்றன, கலப்புக் குட்டிகளும் உண்டு. வழிகாட்டி டெலஸ்கோப்பை நிறுத்தி, கிளையில் ஒரு கையால் தொங்கிக்கொண்டிருந்த தாயையும் வயிற்றோடு ஒட்டிய குட்டியையும் காட்டினார். ஒவ்வொருவர் செல்போனையும் வாங்கி டெலஸ்கோப் கண்ணில் வைத்துப் படம் எடுத்துக் கொடுத்தார்.

அப்புறம் இருவாச்சிப் பறவை. வால்பாறையில் நான் பார்த்த அதே பெரிய இருவாச்சிதான், ஆனால் கூட்டை இவ்வளவு நேரம் நின்று பார்க்க அங்கே எனக்கு வாய்த்ததில்லை. போனது பிப்ரவரி, கூடு கட்டும் காலம். வழிகாட்டி சாலையோரம் வண்டியை நிறுத்தி, எல்லோரையும் பேசாமல் இருக்கச் சொன்னார். தூரத்தில் ஓங்கி நின்ற மரத்தில் ஒரு பொந்து, அதில் விரல் நுழைகிற அளவுக்கு ஒரு வெடிப்பு மட்டும். பெண் உள்ளே போய்த் தன் எச்சத்தாலும் தீனி மிச்சத்தாலும் வாசலை அடைத்துக்கொண்டு மூன்று மாதத்துக்கு மேல் உள்ளேயே இருக்கும். வெகுநேரம் ஒன்றும் நடக்கவில்லை. கூட வந்த இரண்டு பேர் கிளம்பலாமா என்றுகூடக் கேட்டார்கள், வழிகாட்டி வேண்டாம் என்று தலையை மட்டும் ஆட்டினார். பிறகு அந்தச் சிறகுச் சத்தம், பழைய நீராவி எஞ்சின் மூச்சு விடுகிற அழுத்தத்தோடு. ஆண் வந்து பட்டையில் ஒட்டி உட்கார்ந்து, தொண்டையிலிருந்து அத்திப்பழத்தை ஒவ்வொன்றாக எடுத்து அலகு நுனியில் பிடித்து அந்த வெடிப்புக்குள் நீட்டியது. உள்ளிருந்து இன்னொரு அலகு நுனி வாங்கிக்கொண்டது.

“வீட்டுக்காரன் வராமப் போயிட்டா அவ கதி என்ன?” என்று அத்தை கேட்டதை நான் மொழிபெயர்த்தேன். ஆணைச் சுட்டால் கூட்டில் இருக்கும் குஞ்சும் தப்புவது கடினம் என்றார் வழிகாட்டி. மஹிதோல் பல்கலைக்கழகத்தின் பிலாய் பூன்சுவாத் என்ற பேராசிரியர் 1978-இல் இந்தக் காட்டில்தான் இருவாச்சி ஆராய்ச்சியைத் தொடங்கினார். பின்னால் தெற்கே புடோ மலையில், குஞ்சு திருடிப் பிழைத்த கிராமத்தாரையே கூட்டுக் காவலர்களாக மாற்றினார். நகரத்தில் இருப்பவர்கள் ஆளுக்கொரு கூட்டைத் தத்தெடுத்துப் பணம் அனுப்ப, காவலருக்குச் சம்பளம் கிடைக்கிறது. இதையெல்லாம் மரத்தைக் காட்டிக்கொண்டே வழிகாட்டி சொன்னார். காடு தெரிந்தவரோடு போவதற்கும் வாடகைக் காரில் சுற்றுவதற்கும் உள்ள வித்தியாசம் இங்கேதான். தனியாகப் போயிருந்தால் அந்த மரத்தை நாங்கள் அறுபது கிலோமீட்டர் வேகத்தில் கடந்திருப்போம்.

மதியத்துக்கு முன் காட்டு நடை. அட்டைக்காக முட்டிவரை இழுத்துக் கட்டும் துணிக் காலுறை கொடுத்தார்கள். பிப்ரவரியில் தரை காய்ந்து கிடந்ததால் ஒரு அட்டைகூட ஏறவில்லை. ஒரு மரத்தில் கரடி ஏறிய நகக் கீறல் அடியிலிருந்து உச்சிவரை வரிசையாகப் போயிருந்தது, மேலே தேன்கூடு இருந்திருக்கும். நடை நோங் பாக் சி காவல் கோபுரத்தில் முடிகிறது. காட்டுக்கு நடுவே இவ்வளவு பெரிய புல்வெளி எப்படி வந்தது என்று என் கணவர் கேட்டார். நூறு வருடத்துக்கு முன் இங்கே காடழித்துக் குடியேறிய ஒரு ஊரே இருந்ததாம். போக்குவரத்து இல்லாத அந்த இடம் குற்றவாளிகள் ஒளியும் இடமாக மாறியதால் 1932-இல் எல்லோரையும் கீழே சமவெளிக்கு அனுப்பிவிட்டார்கள். அவர்கள் உழுத நிலம்தான் இப்போது கடமானும் செந்நாயும் வரும் புல்வெளி.

அருவி பற்றி அதிகம் சொல்ல வேண்டாம். பிப்ரவரியில் ஹேவ் சுவத் அருவியில் தண்ணீர் குறைவு, கூட்டம்தான் நிறைய. ஹேவ் நரோக் அருவிக்கு நாங்கள் போகவில்லை, அதன் கதையை மட்டும் கேட்டோம். 2019 அக்டோபரில் வெள்ளத்தில் ஒரு யானைக் கூட்டம் அங்கே அடித்துச் செல்லப்பட்டு பதினொரு யானைகள் இறந்தன. 1992-இலும் அதே இடத்தில் எட்டு யானைகள் போயிருக்கின்றன.

திரும்பும்போது யானையையும் பார்த்தோம். ஒற்றை ஆண், வளைவில், சாலையோர மூங்கிலை ஒடித்துக்கொண்டிருந்தது. எங்கள் டிரைவர் ஆரனையும் தொடவில்லை, எஞ்சினையும் நிறுத்தவில்லை, மெதுவாகப் பின்னால் எடுத்துத் தூரத்தில் நிறுத்தினார். முப்பது மீட்டராவது தள்ளி நிற்க வேண்டும் என்பது பூங்கா விதி. பின்னால் வந்த ஒரு கார் முந்திப் போகப் பார்த்தபோது வழிகாட்டி இறங்கிக் கையைக் காட்டித் தடுத்தார். யானை தன் பாட்டுக்குத் தின்று முடித்து உள்ளே போகும்வரை பதினைந்து இருபது வண்டிகள் அமைதியாக நின்றன. சாலையில் கைநீட்டும் பன்றிவால் குரங்குகளுக்குத் தீனி போடுகிறவர்களிடமும் அவர் இதே கண்டிப்போடு பேசினார். 2020-இல் முகாமில் குப்பை போட்டுவிட்டுப் போனவர்களின் வீட்டுக்கே அந்தக் குப்பையைப் பெட்டியில் கட்டித் தபாலில் அனுப்பிய பூங்கா இது.

போகிறவர்களுக்குச் சில விஷயங்கள். சனி, ஞாயிறு வேண்டாம், பாங்காக்கே அங்கே வந்துவிடும். முன்பதிவு செய்யும்போது வழிகாட்டி டெலஸ்கோப் கொண்டுவருவாரா, ஒரு வண்டியில் எத்தனை பேர் என்று கேளுங்கள். எங்கள் வண்டியில் பத்துப் பேர், ஆறேழு இருந்தால் இன்னும் நன்றாக இருந்திருக்கும். நவம்பரிலிருந்து பிப்ரவரிவரை நடப்பதற்குச் சுகம், காலையில் ஸ்வெட்டர் வேண்டும். அருவிதான் முக்கியம் என்றால் செப்டம்பர், அக்டோபர், ஆனால் அட்டை இருக்கும். அத்தைக்கு எழுபது தாண்டிவிட்டது. காட்டு நடையை அவர் பாதியோடு நிறுத்திக்கொண்டார், டிரைவர் அவரை வண்டியில் கோபுரம் அருகே கொண்டுவந்து விட்டார். முட்டி வலி உள்ளவர்கள் இதை முதலிலேயே பேசி வைத்துக்கொள்ளலாம்.

சைவக்காரர்கள் பதிவு செய்யும்போதே ‘ஜே’ (தாய்லாந்தின் சுத்த சைவம்) சாப்பாடு என்று சொல்லிவிடுங்கள். வெறுமனே கறி வேண்டாம் என்றால் மீன் சாறு ஊற்றித்தான் கொண்டுவருவார்கள். எங்களுக்குச் சோறும், துளசி போட்டு வதக்கிய டோஃபுவும், அன்னாசியும் வந்தன. பாக் சோங் இரவுச் சந்தையில் இலையில் சுருட்டிச் சுட்ட தேங்காய்ப்பால் ஒட்டரிசியும் கிடைக்கும், அதை மறுநாள் காலைக்கும் சேர்த்து வாங்கி வைத்துக்கொள்ளுங்கள், பூங்காவுக்கு விடிவதற்குள் கிளம்ப வேண்டியிருக்கும்.