செந்நரம்புக் கீரை: கண்ணுக்கு ஒரு தொட்டி, வாய்க்கு ஒரு தொட்டி

விதை உறையின் முகப்பில் "அழகுக்கும் ஆகும், உணவுக்கும் ஆகும்" என்று அச்சிட்டிருந்தார்கள். ரெட் வெய்ன் சாரெல் என்ற பெயரில் விற்கப்படும் இந்தச் செடியைச் செந்நரம்புக் கீரை என்றே நான் அழைத்துவருகிறேன். விதையிலிருந்தும், நாற்றுப்பண்ணையில் வாங்கிய நாற்றிலிருந்தும் இரண்டு ஆண்டுகளாகத் தொட்டிகளில் வளர்த்துப் பார்த்தபின் சொல்கிறேன், உறையில் எழுதியிருந்த இரண்டுமே உண்மை. ஆனால் இரண்டும் ஒரே இலையில் கிடைப்பதில்லை. பார்ப்பவரை நிற்கவைக்கும் இலை, உண்ணத் தகுந்த பருவத்தைக் கடந்திருக்கும். உண்ணத் தகுந்த இலையைப் பறித்துக்கொண்டே இருந்தால் தொட்டி மொட்டையாகத் தெரியும். இதைத் தெரிந்துகொண்டு வளர்ப்பவருக்கு இது அருமையான செடி. தெரியாமல் வாங்குபவருக்கு அழகும் முழுதாகக் கிடைக்காது, கீரையும் கிடைக்காது.

பெயரைப் பற்றி முதலிலேயே சொல்லிவிட வேண்டும், ஏனென்றால் நான் ஏமாந்தது அங்கேதான். இணையத்தில் விதை விற்கும் ஒருவர் இந்தச் செடியின் படத்தைப் போட்டு, அதன் கீழே புளிச்சகீரை என்று எழுதியிருந்தார். வந்து சேர்ந்த விதையை ஊன்றி, அது நெட்டையாக நிமிர்ந்து வளர்ந்த பிறகே, செம்பருத்தியின் குடும்பத்தைச் சேர்ந்த அசல் புளிச்சகீரையைத்தான் அனுப்பியிருக்கிறார் என்று புரிந்தது. அதுவும் நல்ல கீரைதான், ஆனால் நான் கேட்டது அதை அன்று. விதையைப் பார்த்தே நான் கண்டுபிடித்திருக்க வேண்டும். செந்நரம்புக் கீரையின் விதை மூன்று விளிம்புகளோடு பளபளக்கும் சின்னஞ்சிறு பழுப்பு மணி. புளிச்சகீரை விதை அதைவிடப் பெரியது, சிறுநீரகத்தின் வடிவம் கொண்டது. உறையைப் பிரித்ததும் ஒரு விதையை உள்ளங்கையில் வைத்துப் பார்த்துவிடுவது ஒரு மாதக் காத்திருப்பை மிச்சப்படுத்தும்.

தாவரவியலில் இதன் பெயர் ரூமெக்ஸ் சாங்குயினியஸ். லின்னேயஸ் 1753இல் இட்ட பெயர் இது. இரண்டாம் சொல்லுக்கு இரத்த நிறமுடையது என்று பொருள். ஐரோப்பா, தென்மேற்கு ஆசியா, வட ஆப்பிரிக்கா ஆகிய பகுதிகள் இதன் தாயகம். அங்கே காட்டில் தானாக வளர்வதில் பெரும்பாலானவை பச்சை நரம்பு கொண்டவை. நாம் தோட்டத்தில் வளர்ப்பது சிவந்த நரம்புள்ள வகை. நமக்குத் தெரிந்த சுக்கான்கீரை இதே ரூமெக்ஸ் பேரினத்தைச் சேர்ந்தது, ருபார்ப் செடியும் பக்வீட் என்ற தானியச் செடியும் இதே குடும்பத்தைச் சேர்ந்தவை. புளியாரைக்கும் இதற்கும் புளிப்பைத் தவிர வேறு உறவு கிடையாது.

அழகைப் பொறுத்தவரை எனக்கு ஒரு குறையும் இல்லை. தண்டு என்று தனியாக எதுவும் தெரியாமல், மண்ணிலிருந்தே இலைகள் வட்டமாகக் கிளம்பி, 30 முதல் 45 செ.மீ. உயரத்துக்கு ஒரு குத்தாக நிற்கும். நடுவிலிருந்து வெளிவரும் புதிய இலையின் இரு விளிம்புகளும் பின்பக்கமாகச் சுருண்டிருக்கும்; அதன் அடியைக் கண்ணாடித் தாள் போன்ற மெல்லிய உறை ஒன்று சுற்றியிருக்கும். சுருள் பிரியும் நாளில் நடுநரம்பு அடர்சிவப்பாகவும், அதிலிருந்து கிளைத்து விளிம்புக்கு முன்பே ஒன்றோடொன்று வளைந்து இணையும் பக்க நரம்புகள் அதைவிடச் சற்று வெளிறியும் இருக்கும். காலை வெயில் சாய்வாக விழும்போது இலையின் பின்னாலிருந்து பார்த்தால், பச்சைப் பகுதிகள் வெளிச்சத்தை உள்ளே விட, நரம்புகள் மட்டும் அதை மறித்து நிற்பது துல்லியமாகத் தெரியும். இதற்காகவே என் தொட்டியை இடுப்பளவு உயரமான திண்டின் மீது, வெயில் வரும் திசைக்கும் நான் உட்காரும் இடத்துக்கும் நடுவே வைத்திருக்கிறேன். தரையில் வைத்திருந்தபோது மேலிருந்து பார்த்த அதே இலை எனக்குச் சாதாரணமாகவே தெரிந்தது. இலைக்காக மட்டுமே இதை வளர்ப்பவர்கள், சாம்பல் நிற இலையோ இளம்பச்சை இலையோ உள்ள செடிகளுக்குப் பக்கத்தில் வைத்தால் சிவப்பு எடுப்பாகத் தெரியும். நான் ஒருமுறை கருஞ்சிவப்பு இலைச் செடிகளோடு சேர்த்து வைத்துவிட்டு, இது இருப்பதே தெரியாமல் போனதைப் பார்த்து வருந்தினேன்.

விதையிலிருந்து வளர்ப்பது எளிது. அரை செ.மீ. ஆழத்தில் ஊன்றி, மண் காயாமல் பார்த்துக்கொண்டால் 7 முதல் 14 நாட்களுக்குள் முளைக்கும். 20 குழிகள் கொண்ட தட்டில் எனக்கு 17 முளைத்தன. முதல் இரண்டு வித்திலைகளில் நரம்புச் சிவப்பைத் தேடக் கூடாது. அடுத்து வரும் உண்மையான இலைகளில்தான் அது தெரியத் தொடங்கும். நாற்றுகளை ஒன்றுக்கொன்று 20 முதல் 30 செ.மீ. இடைவெளியில் நட வேண்டும். நாற்றாக வாங்குபவர்கள் தொட்டியைத் தூக்கி அடித்துளையைப் பார்ப்பது நல்லது. இது ஆணிவேர்ச் செடி. நான் வாங்கிய இரண்டு நாற்றுகளில் ஒன்று சின்னப் பையில் நெடுநாள் கிடந்து, வேர் சுருண்டு துளை வழியாக வெளியே வந்திருந்தது. நட்ட சில வாரங்களிலேயே அது இலை விரிப்பதை நிறுத்திப் பூந்தண்டை அனுப்பிவிட்டது. விதையில் வந்தவை நிதானமாக வளர்ந்து அதை முந்திவிட்டன. விலைக்கு வாங்கும் நாற்றைவிட விதையையே நான் பரிந்துரைக்கிறேன்.

தண்ணீர் விஷயத்தில் இந்தச் செடி பொறுமையற்றது. ஈரம் குறையாமல் இருந்தால் மகிழும், ஒரு நாள் காய்ந்தால் இலைகள் அத்தனையும் தொட்டியின் விளிம்பில் படுத்துவிடும். நீர் ஊற்றினால் எழுந்துவிடும் என்றாலும், அப்படி அடிக்கடி வாடி எழுந்த செடியின் இலை கசக்கிறது, நாரும் கூடுகிறது. வெயில் முழுதாகக் கிடைத்தால் சிவப்பு நன்றாக ஏறும், ஆழ்ந்த நிழலில் மங்கும். கடும் வெப்பம் நிலவும் காலத்தில் பிற்பகல் நிழல் கட்டாயம் வேண்டும். உறைபனியில் மேலே உள்ளதெல்லாம் கருகினாலும் வேரிலிருந்து மீண்டும் துளிர்க்கும் பலபருவச் செடி இது. அதனால் குளிரைவிட வெப்பத்திடமிருந்துதான் இதைக் காப்பாற்ற வேண்டியிருக்கிறது.

இனி சுவைக்கு வருகிறேன். ஒரே செடியிலிருந்து மூன்று இலைகளைப் பறித்து அடுத்தடுத்து மென்று பார்த்தேன். விரல் நீளத்துக்கும் குறைவான இளம் இலை மென்மையாக இருந்தது. முதலில் கீரையின் பச்சை வாசம், பிறகு நாவின் ஓரங்களில் மெல்லிய புளிப்பு, அத்துடன் நின்றுவிட்டது. இரண்டாவது, விரல் நீளத்தைத் தாண்டிய இலை. புளிப்போடு லேசான கசப்பும் சேர்ந்திருந்தது, நடுநரம்பைப் பல்லால் அறுக்க வேண்டியிருந்தது. உள்ளங்கையை மறைக்கும் அளவுக்கு முற்றிய மூன்றாவது இலையை மெல்ல மெல்ல நார் மட்டுமே வாயில் மிஞ்சியது. உறையின் மீதிருந்த படமோ, அந்த மூன்றாவது இலையைத்தான் உணவுத் தட்டில் முழுதாக வைத்துக் காட்டியது. அது வாங்குபவரைத் தவறான இலையைப் பறிக்கவைக்கும் படம் என்பது என் உறுதியான கருத்து.

புளிப்பையே நாடி வளர்ப்பவருக்கு ரூமெக்ஸ் அசிட்டோசா எனப்படும் சாதாரண சாரெல்தான் பொருத்தம். அதன் புளிப்பு எலுமிச்சையை நினைவூட்டும் அளவுக்குக் கூர்மையானது. செந்நரம்புக் கீரை அதன் அருகில் அடக்கமானது. பச்சையாக, மற்ற இளங்கீரைகளோடு ஒரு கைப்பிடி கலந்து சாலட்டில் சேர்ப்பதுதான் இதற்கு உகந்த பயன், அங்கேதான் நிறமும் தெரியும். வேகவைத்தால் அந்த நிறம் போய்விடும். நரம்பின் சிவப்புக்குக் காரணமான ஆந்தோசயனின் நீரில் கரையக்கூடியது. பச்சையம் இலையிலுள்ள அமிலத்தோடு சூட்டில் சேரும்போது தன் மெக்னீசியத்தை இழந்து மங்கிய ஆலிவ் நிறத்துக்கு மாறும். சூப்பில் போட்டபோது சுவை நன்றாகவே இருந்தது, ஆனால் சிவந்த நரம்புக்காக இதை வளர்த்ததற்கு எந்த அடையாளமும் கிண்ணத்தில் இல்லை. முற்றிய இலைகளை வீணாக்க மனமில்லாதவர்கள் நடுநரம்பைக் கிழித்தெடுத்துவிட்டு, உருளைக்கிழங்கு சூப்பில் கடைசி நிமிடத்தில் சேர்க்கலாம்.

விதை உறையில் ஒரு வரிகூட இல்லாத எச்சரிக்கை ஒன்று உண்டு, அதை மன்னிக்க எனக்கு மனம் வரவில்லை. இந்தப் புளிப்பில் பெரும்பங்கு ஆக்சலிக் அமிலத்துடையது. அது கால்சியத்தோடு சேர்ந்து ஆக்சலேட் என்ற கரையாத உப்பாகும்; சிறுநீரகக் கல்லாகப் படிவது பெரும்பாலும் அந்த உப்புதான். சிறுநீரகக் கல் வந்தவர்கள் இதைத் தவிர்ப்பதோ மருத்துவரிடம் கேட்டுக்கொள்வதோ அவசியம். மற்றவர்களும் இதைத் தினசரிக் கீரையாகக் கொள்ளாமல் அளவோடு உண்ண வேண்டும். கொதிக்கவைத்து அந்த நீரைக் கொட்டிவிட்டால் கரையும் ஆக்சலேட் குறையும், புளிப்பும் அதோடு போகும். இரும்புப் பாத்திரத்திலும் பூச்சில்லாத அலுமினியப் பாத்திரத்திலும் சமைக்கக் கூடாது, எவர்சில்வர் போதும். "உணவுக்கு ஆகும்" என்று அச்சிடுபவர்களுக்கு இதையும் அச்சிடும் கடமை உண்டு.

பூச்சிகளில் அசுவினி இலையின் அடியில் ஒளிந்துகொள்ளும், தண்ணீரைப் பீய்ச்சி அடித்தால் போதும். நத்தைதான் பெரிய தொல்லை. இளம் இலையில் ஒரே இரவில் ஓட்டை போட்டுவிடும். பூந்தண்டு எழுந்தால் 90 செ.மீ. வரை உயரும், பூவில் அழகு ஒன்றுமில்லை, இலைகளும் முரடாகிவிடும். விதை விழ விட்டால் அடுத்த பருவத்தில் பக்கத்துத் தொட்டிகளிலெல்லாம் முளைத்து நிற்கும், ஆணிவேர் இறங்கிவிட்டால் பிடுங்குவதும் கடினம். முதல் ஆண்டு நான் இரண்டு தண்டுகளை ஆசைக்காக விட்டுவைத்தேன். அவற்றின் பிள்ளைகளை இன்னும் களைந்துகொண்டிருக்கிறேன்.

இப்போது என்னிடம் இரண்டு தொட்டிகள் இருக்கின்றன. திண்டின் மீதுள்ள தொட்டியில் ஒரே ஒரு செடி. அதில் பழுத்த இலையையும் பூந்தண்டையும் தவிர வேறெதையும் தொடுவதில்லை. சமையலறை வாசலில் உள்ள அகலத் தொட்டியில் விதைகளை நெருக்கமாகத் தூவி, விதைத்த நான்கு வாரத்தில் கத்தரிக்கோலால் நறுக்கி, நடுக்குருத்தை மட்டும் விட்டுவைக்கிறேன். இரண்டு வாரத்தில் மறுபடியும் அதே அளவு இலை வருகிறது. அழகுத் தொட்டியின் குத்து அகன்று நடுவில் இலை குறையத் தொடங்கியிருப்பதால், வரும் குளிர்ந்த பருவத்தில் வேரோடு இரண்டாகப் பிரித்து நடப் போகிறேன். அதற்காக இன்னொரு ஆழமான தொட்டியில் மட்கு உரம் கலந்த மண்ணை நிரப்பி வைத்தாயிற்று.