ஃபயர் டோர் என்று சொல்லித் தலையில் கட்டிய சாதாக் கதவு

சென்னையில் எங்கள் அடுக்குமாடிக் குடியிருப்பில், மாடிப்படி வாசலுக்குத் தளம்தோறும் மர ஃபயர் டோர் போட்டோம். 120 நிமிடம் தீயைத் தாங்கும் என்று கொட்டேஷனில் இருந்தது; விலையும் அதற்கேற்ற விலைதான். வேலை முடிந்ததும் கதவுக்குக் கதவு பளபள ஸ்டிக்கர், அசோசியேஷனுக்கு ஒரு சான்றிதழ் நகல்.

மழைக்காலத்தில் ஒரு கதவு ஊறிப்போய்த் தரையில் உரசியது. அடியில் இழைக்க வந்த ஆசாரி, கதவைக் கழற்றிச் சாய்த்துவிட்டு என்னைக் கூப்பிட்டார். "சார், இது சாதா ஃபிளஷ் டோர். உள்ளே பாருங்க, துண்டுக் கட்டைதான்." மேலே பிளைவுட், நடுவே இடம் விட்டு ஒட்டிய மரத்துண்டுகள். தீயைத் தடுக்கும் பலகை எதுவும் இல்லை.

அப்புறம், விளிம்பில் பதித்திருந்த கறுப்புப் பட்டை. சூடு 200 டிகிரியை நெருங்கும்போது அது பல மடங்கு உப்பி, கதவுக்கும் நிலைக்கும் நடுவே உள்ள இடைவெளியை அடைக்க வேண்டும். கொஞ்சம் பிய்த்து லைட்டரில் காட்டினார். ஹவாய் செருப்பு போல நாறி, உருகிச் சொட்டியது.

சான்றிதழோ இரும்புக் கதவுக்கு வாங்கியது! மரக் கதவுக்கே வாங்கியிருந்தாலும், சோதனை உலையில் நிலை, கீல், பூட்டு, பட்டை எல்லாம் சேர்ந்த செட்டாகத்தான் வைப்பார்கள். கதவு ஓரிடம், கீல் வேறிடம் என்று வாங்கி மாட்டினால் அந்த நிமிடக் கணக்கை நம்ப முடியாது. லண்டனில் கிரென்ஃபெல் டவர் என்ற அடுக்குமாடிக் குடியிருப்பில் 2017இல் 72 பேரைப் பலிகொண்ட தீக்குப் பிறகு, அங்கே சேதமடையாமல் இருந்த வீட்டு வாசல் கதவு ஒன்றைச் சோதித்தார்கள். 30 நிமிடம் தாங்க வேண்டியது, சுமார் 15 நிமிடத்திலேயே தீயை விட்டுவிட்டது. ஃபயர் டோர் என்றே போட்ட கதவின் கதி அது.

கதவு வாங்கப் போகிறவர்கள், வந்திறங்கியதில் நாமே ஒன்றைத் தேர்ந்து அறுத்துப் பார்ப்போம் என்று ஒப்பந்தத்திலேயே எழுதிவிடுங்கள். ஒரு கதவின் காசு போனால் போகிறது. சான்றிதழ் ரூர்க்கி மத்திய கட்டட ஆராய்ச்சி நிறுவனத்தினுடையதோ வேறு ஆய்வகத்தினுடையதோ, எண்ணைச் சொல்லி அங்கேயே விசாரியுங்கள். அதுவரை கடைசித் தவணையைக் கொடுக்காதீர்கள்.

கான்ட்ராக்டரிடம் கேட்டதற்கு, "வேணும்னா ஃபயர் பெயின்ட் ஒரு கோட் அடிச்சுத் தர்றேன் சார்" என்றார். வக்கீல் நோட்டீஸ் போயிருக்கிறது. அடுத்தது நுகர்வோர் ஆணையம்.