பார்ட்டிகிள் போர்டில் மரை நிற்க: ஸ்குரூவா, கன்ஃபர்மாட்டா, இன்சர்ட் நட்டா, டி-நட்டா?

மூன்றாவது முறை வீடு மாறியபோது மகளின் படிப்பு மேசைக்கால் ஒன்று கையோடு கழன்று வந்தது. ஸ்குரூவின் மரையில் உமி மாதிரி மரத்தூள் ஒட்டியிருந்தது. போர்டு தண்ணீரில் ஊறவில்லை, ஸ்குரூவும் துருப்பிடிக்கவில்லை. அடிக்கடி கழற்றி மாட்ட வேண்டிய இடத்தில் நேரடியாக ஸ்குரூவை முறுக்கியதுதான் தவறு. அதன் பிறகு மிச்சத் துண்டுகளில் ஒவ்வொரு வழியாகப் போட்டுப் பார்த்தேன்.

முதலில் போர்டு. பார்ட்டிகிள் போர்டு என்பது மரச் சில்லுகளைப் பசையோடு சேர்த்துச் சூட்டில் அழுத்தியது. மேல், கீழ்ப் பரப்புகள் இறுக்கமாகவும் நடுப்பகுதி தளர்வாகவும் இருக்கும். அதனால் விளிம்பில் போடும் ஸ்குரூ, போர்டின் மிகப் பலவீனமான இடத்தில்தான் போய் உட்காருகிறது. எம்.டி.எஃப். (மர நாரைப் பசையோடு அழுத்திய பலகை) இன்னும் சீரானது, ஆனால் விளிம்பில் ஆப்பு அடித்ததுபோல இரண்டாகப் பிளக்கும். பிளைவுட்டில் அடுக்குகள் குறுக்கும் நெடுக்குமாக இருப்பதால் இந்தக் கவலையில் பாதி குறைந்துவிடும்.

நேரடி ஸ்குரூ. மலிவு, சுலபம். கழற்றவே போகாத வேலைக்கு இதுவே போதும். நுனி முதல் தலைவரை ஒரே பருமனில் மரை ஓடும் சிப்போர்டு ஸ்குரூவாக இருக்க வேண்டும். கூம்பு வடிவ மரஸ்குரூ போர்டைப் பிளந்துவிடும். 4 மி.மீ. ஸ்குரூவுக்குப் பார்ட்டிகிள் போர்டில் 2.5 மி.மீ. துளையும் எம்.டி.எஃப். விளிம்பில் 3 மி.மீ. துளையும் போடுகிறேன். கடைசிச் சுற்றை டிரில்லால் முறுக்காமல் திருப்புளியால் கையில் முறுக்குங்கள். ஒரு கால் சுற்று அதிகமானாலே உள்ளே மரை நொறுங்கிவிடும். கழற்றி மறுபடி மாட்டும்போது முதலில் பின்பக்கமாகத் திருப்புங்கள். 'டக்' என்று ஸ்குரூ லேசாக இறங்கினால் பழைய மரையில் விழுந்துவிட்டது என்று அர்த்தம். அங்கிருந்து முன்னே முறுக்கலாம்.

கன்ஃபர்மாட். அலமாரியின் பக்கப் பலகையையும் தட்டையும் சேர்க்க இதைவிட நல்ல ஸ்குரூ எனக்குத் தெரியாது. வழக்கமான அளவு 7×50. தண்டு பருமன், மரை அகலம் என்பதால் தளர்வான நடுப்பகுதியிலும் பிடி கிடைக்கும். 5 மி.மீ., 7 மி.மீ. இரண்டு விட்டத்தையும் ஒரே இறக்கத்தில் துளைக்கும், படிக்கட்டு போல விட்டம் மாறும் பிட் வாங்கிவிடுங்கள். மூலைக்கு மிக அருகில் போடாதீர்கள். நான் 70 மி.மீ. தள்ளித்தான் போடுவேன். சில தடவை கழற்றி மாட்டலாம். ஆனால் 18 மி.மீ. மேசைப் பலகையின் அடியில் கால் பொருத்த 50 மி.மீ. ஸ்குரூவுக்கு இடமே கிடையாது.

இன்சர்ட் நட். வெளியே அகன்ற மரை, உள்ளே போல்ட்டுக்கான மரை. ஒருமுறை பலகையில் இறக்கிவிட்டால் அதன் பிறகு தேய்வதெல்லாம் உலோகமும் உலோகமும்தான், பலகைக்கு வேலையில்லை. சுத்தியலால் தட்டி இறக்கும் வகையைப் பார்ட்டிகிள் போர்டில் நான் நம்புவதில்லை, முறுக்கி இறக்கும் வகையே வேண்டும். துளையின் வாயை முதலில் கொஞ்சம் சரித்து வெட்டுங்கள், இல்லாவிட்டால் மேல்பரப்பு பொருக்குபோல எழும்பும். எம்.டி.எஃப்.பில் துளையை அரை மி.மீ. கூட்டலாம்.

பெரிய சிக்கல் நட் சாய்ந்து இறங்குவது. ஆலன் கீயால் முறுக்கினால் கை எந்தப் பக்கம் அழுத்துகிறதோ அந்தப் பக்கம் அது சாயும். ஒரு போல்ட்டில் இரண்டு நட்டுகளை ஒன்றோடொன்று பூட்டி, அதன் முனையில் இன்சர்ட்டை மாட்டி, நேர்த்துளை போட்ட மரக்கட்டை வழியாக ஸ்பேனரால் இறக்கினேன். செங்குத்தாகப் போய் உட்கார்ந்தது. பசை வேண்டுமென்றால் எபாக்ஸி. வெள்ளைப் பசை உலோகத்தைப் பிடிக்காது. போல்ட்டில் மெழுகு தடவிக்கொள்ளுங்கள், எபாக்ஸி உள்மரையில் வழிந்தால் எல்லாம் வீண்.

டி-நட். பற்கள் கொண்ட தட்டும் உள்மரை உள்ள குழாயும் சேர்ந்தது. நான்கில் இழுவிசையை அதிகம் தாங்குவது இதுதான், ஏனென்றால் இதன் தட்டு மறுபக்கத்திலிருந்து பலகையையே பிடித்து இழுக்கிறது. ஆனால் மறுபக்கத்துக்குக் கை எட்ட வேண்டும். சுத்தியலால் அடிக்காமல் வாஷரும் போல்ட்டும் போட்டு மெதுவாக இழுத்து உட்கார வையுங்கள். பார்ட்டிகிள் போர்டில் இதன் பற்கள் நாளடைவில் பிடி விட்டு, நட் தனியாகச் சுற்ற ஆரம்பிக்கும். அதன் மேல் லேமினேட் ஒட்டியிருந்தால் போல்ட்டை வெளியே எடுக்கவே முடியாது.

கடையில் வரும் அலமாரிகளின் மினிஃபிக்ஸ் (திருப்பி இறுக்கும் கேம் பூட்டு) பற்றிக் கேட்பீர்கள். அதற்கு 15 மி.மீ. குழியும் துல்லியமான அளவும் வேண்டும். ஜிக் (துளை சரியான இடத்தில் விழ வழிகாட்டும் அச்சு) இல்லாமல் வீட்டில் முயல வேண்டாம்.

மகளின் மேசைக்கு டி-நட்டைத்தான் எடுத்தேன், ஆனால் பார்ட்டிகிள் போர்டில் போடவில்லை. 12 மி.மீ. பிளைவுட்டில் நான்கு சதுரங்கள் வெட்டி, ஒவ்வொன்றின் மேல்பக்கத்திலும் டி-நட்டைப் பதித்தேன். மேசையின் அடிப்பரப்பில் அந்த இடங்களில் மட்டும் லேமினேட்டைச் சுரண்டி, சதுரங்களை ஒட்டினேன். டி-நட்டின் தட்டு இரண்டு பலகைக்கும் நடுவில் சிக்கிக்கொண்டது, இனி வெளியே வர வழியில்லை. சதுரத்தின் மூலைகளில் சிறு ஸ்குரூக்கள், இவற்றை யாரும் கழற்றப் போவதில்லை. போல்ட்டின் நீளத்தை மட்டும் இரண்டு முறை அளந்தேன். ஐந்து மி.மீ. கூடினாலும் அது மேல்பலகையை முட்டி, ஒட்டிய சதுரத்தையே பெயர்த்துவிடும்.