சாக்ரடீஸை அறிய: பிளேட்டோவா, செனோபோனா?

சாக்ரடீஸ் எதையும் எழுதி வைக்கவில்லை. அவரைப் பற்றி விரிவாகச் சொல்லும் இருவருமே, தத்துவஞானி பிளேட்டோவும் படைவீரரும் எழுத்தாளருமான செனோபோனும், அவரிடம் பற்றுக் கொண்டவர்கள். ஆகவே யார் நடுநிலையாளர் என்று தேடிப் பயனில்லை. எந்த விஷயத்தில் யாரை நம்பலாம் என்பதே கேள்வி.

சாக்ரடீஸுக்கு மரண தண்டனை விதித்த கி.மு. 399 விசாரணையில் இருந்தாரா?
பிளேட்டோ: இருந்தார். ஆனால் சாக்ரடீஸ் இறந்த நாளில், உடல்நலமில்லாததால், இல்லை.
செனோபோன்: இல்லை, ஆசியாவில் கூலிப்படையோடு இருந்தார். சாக்ரடீஸின் நண்பர் ஹெர்மோகெனிஸ் சொல்லக் கேட்டு எழுதினார்.

மரண தண்டனைக்கு மாற்றாக வேறு தண்டனையைச் சாக்ரடீஸ் கேட்டாரா?
பிளேட்டோ: 30 மினா (பழைய கிரேக்கப் பண அளவு) அபராதம் கட்ட முன்வந்தார், நண்பர்கள் பிணை நின்றார்கள்.
செனோபோன்: எதையும் கேட்க மறுத்துவிட்டார்.
இங்கே நான் பிளேட்டோ பக்கம். அந்தத் தொகையை அவையில் பலர் கேட்டிருப்பார்கள், பொய் சொல்வது கடினம்.

சாக்ரடீஸ் வாயில் வைத்த சொந்தச் சரக்கு எவ்வளவு?
பிளேட்டோ: 'குடியரசு' நூலின் வடிவக் கோட்பாடு (நாம் காணும் பொருள்களுக்கு அப்பால் அவற்றின் மாறாத வடிவங்கள் உண்டு என்பது) பெரும்பாலும் பிளேட்டோவுடையதே.
செனோபோன்: செனோபோனுக்குப் பிடித்த விவசாயத்தையும் வீட்டு நிர்வாகத்தையும் சாக்ரடீஸ் பேசுகிறார். இன்னும் மோசம், தானும் உடனிருந்ததாகச் செனோபோன் சொல்லும், அவருடைய 'விருந்து' நூலின் விருந்து நடந்தது கி.மு. 422 வாக்கில். அப்போது அவர் சிறுவன்!

விசாரணைக்கும் வாதமுறைக்கும் பிளேட்டோவின் ஆரம்பகால உரையாடல்களை எடுங்கள், சொல்லுக்குச் சொல் பதிவு என்று மட்டும் எண்ணாதீர்கள். அன்றாட ஒழுக்க அறிவுரைகளுக்குச் செனோபோன் பயன்படுவார். இருவரும் ஒத்துப்போகும் இடத்திலும் கவனம் தேவை: விசாரணை பற்றிப் பிறர் முன்பே எழுதியிருப்பதாகச் செனோபோனே சொல்கிறார், அவற்றைப் பார்த்து எழுதியிருந்தால் அது தனிச் சாட்சி ஆகாது.