டாலிஸ்மன் போனது, ஓஎன்ஜிசி வந்தது: சூடான் எண்ணெயில் எந்த வழி மேல்?

2003 மார்ச்சில் கனடாவின் டாலிஸ்மன் நிறுவனம் சூடானில் தன்னிடம் இருந்த 25 சதவீத எண்ணெய்ப் பங்கை விற்றுவிட்டுக் கிளம்பியது. வாங்கியது நம் அரசு எண்ணெய் நிறுவனமான ஓஎன்ஜிசி விதேஷ். விலை ஏறக்குறைய 72 கோடி டாலர். கனடாவில் தேவாலயங்களும் மனித உரிமை அமைப்புகளும் வருடக்கணக்கில் போராடியதற்குக் கிடைத்த பலன் அது. இந்தியாவிலோ அது எரிசக்திப் பாதுகாப்பில் ஒரு முன்னேற்றம். கிணறு அதே கிணறு, குழாய் அதே குழாய். கிணற்றடியிலிருந்து விரட்டப்பட்ட நூயர், டிங்கா இனக் குடும்பங்களும் அதே குடும்பங்கள்தான்.

போர் நடக்கும் நாட்டில் எண்ணெய் எடுக்கப் போன நிறுவனம் என்ன செய்யலாம்? சூடானில் மூன்று வழிகளும் நடந்து பார்த்தாயிற்று. வேலையை நிறுத்துவது, பங்கை விற்றுவிட்டுப் போவது, இருந்து எடுப்பது. எண்ணெய் வயல்களுக்கு நடுவே இருக்கும் பெந்தியு நகரத்துப் பக்கத்து மக்களுக்கு எதில் கொஞ்சமாவது நன்மை இருந்தது என்பதை மட்டும் அளவுகோலாக வைத்துப் பார்க்கிறேன்.

நிறுத்தியது அமெரிக்காவின் செவ்ரான். 1970களின் நடுவில் தேட ஆரம்பித்து, பெந்தியுவுக்கு அருகே எண்ணெயைக் கண்டது. உடனே தலைநகர் கார்ட்டூமில் நிமெய்ரி அரசு எல்லைக்கோட்டை மாற்றி எழுதி அந்த நிலத்தைத் தெற்கிடமிருந்து பிரிக்கப் பார்த்தது. சுத்திகரிப்பு ஆலையும் தெற்கே வேண்டாம் என்றது. 1983-ல் வடக்குக்கும் தெற்குக்கும் மறுபடி போர் மூண்டதற்கு இதுவும் ஒரு காரணம். 1984 பிப்ரவரியில் ரூப்கோனா முகாமில் செவ்ரானின் 3 வெளிநாட்டு ஊழியர்களைக் கிளர்ச்சியாளர்கள் கொன்றார்கள். நிறுவனம் வேலையை நிறுத்தி, 1992-ல் உரிமையையே கைகழுவியது. மனசாட்சியால் எடுத்த முடிவு என்று சொல்ல முடியாது, ஆட்களின் உயிருக்குப் பயந்து எடுத்தது. ஆனாலும் 1999 வரை கார்ட்டூமால் ஒரு பீப்பாய் கூட ஏற்றுமதி செய்ய முடியவில்லை. போர் அப்போதும் நடந்தது, ஆனால் எண்ணெய்க் காசில் நடக்கவில்லை.

அடுத்தது விற்றுவிட்டுப் போனவர்கள். டாலிஸ்மன் 1998-ல் உள்ளே வந்தது. எண்ணெய் எடுத்த கூட்டு நிறுவனத்தில் சீன தேசிய பெட்ரோலிய நிறுவனத்துக்கு 40, மலேசியாவின் பெட்ரோனாஸுக்கு 30, டாலிஸ்மனுக்கு 25, சூடான் அரசு நிறுவனத்துக்கு 5 சதவீதம். 1999 ஆகஸ்டில் சுமார் 1,600 கிலோமீட்டர் குழாய் வழியாகப் போர்ட் சூடானிலிருந்து முதல் கப்பல் கிளம்பியது. அடுத்த வருடம் ஜனவரியில் கனடா அரசு அனுப்பிய ஹார்க்கர் குழுவின் அறிக்கை வந்தது. எண்ணெய்க்காக அமைத்த ஹெக்லிக் விமான ஓடுதளத்தை ராணுவத்தின் குண்டுவீச்சு விமானங்களும் போர் ஹெலிகாப்டர்களும் பயன்படுத்தின என்று அது பதிவு செய்தது.

டாலிஸ்மன் மருத்துவமனை கட்டியது, தண்ணீர்க் கிணறு வெட்டியது, சமூகப் பொறுப்பு அறிக்கையும் வெளியிட்டது. ஓய்வூதிய நிதிகள் அதன் பங்குகளை விற்க, சந்தை மதிப்பு அடிவாங்க, கடைசியில் வெளியேறியது. நியூயார்க்கில் அதன்மீது போட்ட வழக்கும் நிற்கவில்லை. கொடுமைக்குத் துணைபோகிறோம் என்று தெரிந்திருந்தால் மட்டும் போதாது, தீங்கு செய்யும் நோக்கமே இருந்திருக்க வேண்டும் என்று 2009-ல் மேல்முறையீட்டு நீதிமன்றம் சொல்லிவிட்டது.

சுவீடனின் லுண்டின் கதையில் ஒரு சாலை வருகிறது. அதைக் கொஞ்சம் கிட்டே போய்ப் பார்க்கவேண்டும். பெந்தியுவுக்குத் தெற்கே 5ஏ என்ற எண்ணெய் வட்டாரம் முழுக்கக் கரிசல் மண். மழை விழுந்தால் முழங்கால் ஆழச் சேறு, லாரி நகராது. வருடத்தில் பாதி நாள் ராணுவமும் அங்கே நுழைய முடியாது. அந்த மழைதான் அந்த மக்களுக்குக் காவல். மாடுகளை மேட்டுக்கு ஓட்டிப்போய்க் கொஞ்சம் மூச்சு விடுவார்கள். லுண்டின் தார்ஜாத் கிணற்றுக்குப் போக எல்லாப் பருவத்துக்கும் ஏற்ற உயர்த்திய சாலை போட்டது. நிறுவனத்தின் கணக்கில் அது வளர்ச்சி. ஆனால் அதே சாலையில் துருப்புகளும் வந்தன. மழைக்காலம் தந்த காவல் போயிற்று. அந்த வட்டாரத்தில் 1997க்கும் 2003க்கும் இடையில் 12,000 பேர் இறந்திருக்கலாம், 1,60,000 பேர் இடம்பெயர்ந்திருக்கலாம் என்று ஐரோப்பிய அமைப்புகளின் கூட்டமைப்பு ஒன்று 2010-ல் மதிப்பிட்டது. லுண்டின் 2003-ல் தன் பங்கைப் பெட்ரோனாஸுக்கு விற்றது.

ஆனால் அதோடு விடவில்லை. சுவீடன் அரசு வழக்கறிஞர்கள் 2010-ல் விசாரணையைத் தொடங்கி, 2021-ல் நிறுவனத் தலைவர் இயான் லுண்டின் மீதும், முன்னாள் தலைமை நிர்வாகி ஒருவர் மீதும் போர்க்குற்றத்துக்கு உடந்தை என்று குற்றம் சாட்டினார்கள். 2023 செப்டம்பரில் ஸ்டாக்ஹோமில் வழக்கு விசாரணை தொடங்கியது. இருவரும் மறுக்கிறார்கள். தீர்ப்பு எதுவானாலும், விரட்டப்பட்டவர்கள் நீதிமன்றக் கூண்டில் ஏறி நடந்ததைச் சொல்ல ஒரு இடம் கிடைத்தது. டாலிஸ்மன், லுண்டின் வழியில் எனக்குத் தெரியும் ஒரே நன்மை இதுதான். விற்றதால் கிணற்றடியில் எதுவும் மாறவில்லை. அந்த நிறுவனங்கள் தங்கள் ஊரில் யாருக்கோ பதில் சொல்ல வேண்டியிருந்தது, அவ்வளவுதான்.

சரி, இருந்து எடுத்தவர்கள்? சீனா, மலேசியா, இந்தியா. மூன்றும் அரசு நிறுவனங்கள். எந்த நாட்டின் உள்விவகாரத்திலும் தலையிட மாட்டோம் என்பது அவர்கள் பேச்சு. கார்ட்டூம் ஆட்சியோடு ஒட்டி நின்றபோது அதுவும் ஒரு பக்கம் சாய்வதுதான் என்பதை அவர்கள் ஒப்புக்கொண்டதில்லை. தெற்கின் நினைவில் அது தங்கிவிட்டது. 2011 ஜூலை 9-ல் தென்சூடான் தனிநாடானது. எண்ணெயில் முக்கால் பங்கு தெற்கில், குழாயும் துறைமுகமும் வடக்கில். வாடகையாகப் பீப்பாய்க்கு 36 டாலர் வரை கார்ட்டூம் கேட்டது. தகராறு முற்றி 2012 ஜனவரியில் தென்சூடானின் ஜூபா அரசு உற்பத்தியையே நிறுத்தியது. கூடவே பெட்ரோடார் என்ற கூட்டு நிறுவனத்தின் சீனத் தலைவரை, வடக்குக்குத் துணைபோனார் என்று சொல்லி நாட்டைவிட்டு அனுப்பியது.

இன்னொரு பக்கத்தையும் சொல்லவேண்டும். பணம் போட்டவர்கள் அங்கேயே இருந்ததால், 2013 டிசம்பரில் தென்சூடானுக்குள்ளேயே அதிபர் சால்வா கீர், முன்னாள் துணை அதிபர் ரியக் மச்சார் தரப்புகளுக்கு இடையே போர் வெடித்தபோது சீனாவால் ஒதுங்கி நிற்க முடியவில்லை. சமரசப் பேச்சில் இறங்கியது, ஐநா அமைதிப் படைக்கு 700 பேர் கொண்ட தரைப்படை அணியை அனுப்பியது. 2016-ல் ஜூபாவில் அவர்களில் இருவர் இறந்தார்கள். அதே ஐநா படையில் இருந்த இந்திய வீரர்கள் 5 பேர், அந்தப் போருக்கு முன்பே, 2013 ஏப்ரலில் ஜோங்லேயில் பதுங்கித் தாக்கியவர்களால் கொல்லப்பட்டார்கள். இந்த உயிர்களைச் சின்ன விஷயமாக நான் நினைக்கவில்லை. டாலிஸ்மன் போன பிறகு கனடாவுக்கு அங்கே இப்படி ஒரு கட்டாயம் இருக்கவில்லை.

ஆனால் கிணற்றடிக்குத் திரும்பினால் இந்த வழியின் கணக்கும் மோசமாகத்தான் இருக்கிறது. சட்டப்படி எண்ணெய் வருவாயில் 2 சதவீதம் உற்பத்தி மாநிலத்துக்கும் 3 சதவீதம் அங்குள்ள மக்களுக்கும் போகவேண்டும். ஊர் கையில் சேர்ந்தது மிகச் சொற்பம். எண்ணெயோடு மேலே வரும் உப்புநீரைக் குட்டைகளில் தேக்குகிறார்கள். மழையில் அது வழிந்து மாடு குடிக்கும் தண்ணீரில் கலக்கிறது. எண்ணெய் வயல்களான பலோச்சிலும் தார்ஜாத்திலும் மக்கள் வருடக்கணக்காக இதைச் சொல்கிறார்கள். டாலிஸ்மனை ஆட்டிவைத்த மாதிரியான கேள்வி பெய்ஜிங்கிலோ கோலாலம்பூரிலோ டெல்லியிலோ எழுந்ததாக என் நினைவில் இல்லை.

குழாயும் கைவிட்டது. பலோச் எண்ணெய் மெழுகு மாதிரி, சூடு குறைந்தால் உறைந்துவிடும். 2023-ல் சூடானில் தொடங்கிய போரில் பம்ப் நிலையங்களுக்கு டீசல் போய்ச் சேரவில்லை. 2024 பிப்ரவரியில் குழாய் அடைத்து உடைந்தது. ஏறக்குறைய முழுக்க எண்ணெயை நம்பிய தென்சூடான் அரசு, ஊழியர்களுக்குச் சம்பளம் தர முடியாமல் நின்றது.

மூன்றில் ஒன்றைச் சொல் என்றால், சண்டை ஓயும்வரை எண்ணெய் மண்ணுக்குள்ளேயே இருக்கட்டும் என்பேன். அது 1998-ல் எடுத்திருக்கவேண்டிய முடிவு. இன்று கிணறுகளை மூடினால் ஜூபாவில் சம்பளம் இல்லாத சிப்பாய்தான் முதலில் துப்பாக்கியோடு ஊருக்குள் வருவான். ஆகவே இருப்பவர்கள் இருந்தே பதில் சொல்லட்டும் என்ற இடத்துக்குத்தான் வருகிறேன். விற்றுவிட்டுப் போவதை நல்ல பிள்ளையின் வழியாகக் கொண்டாடுவதை என்னால் ஏற்க முடியவில்லை.

பெட்ரோனாஸ் தன் பங்குகளை விற்கப் பார்த்து, அது கைகூடாமல், 2024-ல் தென்சூடானை விட்டே கிளம்பியது. இத்தனை வருடத்துக் குட்டைகளை அதனால் எடுத்துக்கொண்டு போக முடியாது. அதே கிணறுகளில் ஓஎன்ஜிசி விதேஷ் கூட்டாளி. பொதுத்துறை நிறுவனம், ஆகவே கேட்கும் உரிமை நமக்கு உண்டு: தார்ஜாத் குட்டைகளின் தண்ணீரைக் கடைசியாக எப்போது பரிசோதித்தீர்கள், அந்த முடிவை அங்குள்ளவர்களிடம் காட்டினீர்களா?