பத்து ரூபாய் பீசோ வில்லை: கடத்தில் ஒட்டினால் எப்படிப் பேசுகிறது?

மதுரை டவுன்ஹால் ரோட்டுப் பக்கம் எலக்ட்ரானிக்ஸ் சாமான் விற்கிற கடைகளில் ‘பீசோ’ என்று கேட்டால் எடுத்துப் போடுவது இதைத்தான். 27 மி.மீ. பித்தளைத் தகடு, அதன்மேல் 20 மி.மீ. அகலத்துக்குப் பீங்கான், அதற்கும் மேலே வெள்ளிப் பூச்சு. சில்லறையில் பத்து ரூபாய்க்கு முன்னே பின்னே இருக்கும். மின்சாரம் கொடுத்தால் கீச்சென்று கத்தும், தட்டினால் மின்சாரம் தரும். பஸ்ஸருக்கென்று விற்கிற இதை மானாமதுரைக் கடத்தில் பிக்கப்பாக, அதாவது அதிர்வைப் பிடித்து மிக்சருக்கு அனுப்பும் மைக் மாதிரி, ஒட்டினால் தேறுமா?

தேறும். ஆனால் வாங்கிய பாதிப்பேர் ‘ஒரே தகரச் சத்தம்’ என்று தூக்கிப் போட்டுவிடுகிறார்கள். பழி வில்லைமேல் விழுகிறது. குற்றம் செருகுகிற ஜாக்கில். வில்லை ஒரு கெப்பாசிட்டர் மாதிரி, சுமார் 20 நானோ ஃபாரட். மிக்சரின் மைக் ஜாக் சுமார் 2 கிலோ ஓம். இரண்டும் சேர்ந்தால் 4,000 ஹெர்ட்ஸுக்குக் கீழே எல்லாம் தேய்ந்துகொண்டே போகும். லைன் ஜாக்கில் 10 கிலோ ஓம் என்று வைத்தாலும் 800 ஹெர்ட்ஸ்தான் எல்லை. கடத்தின் வயிற்றிலிருந்து வருகிற கும்மென்ற நாதம் அதற்கும் வெகு கீழே. வில்லைக்கு 1 மெகா ஓம் சுமை காட்டினால் எல்லை 8 ஹெர்ட்ஸுக்கு இறங்கிவிடும். அதற்குப் பிறகு குறைசொல்ல ஒன்றுமில்லை.

வில்லைக்கும் ஜாக்குக்கும் நடுவே அந்தச் சுமையைக் காட்ட ஒரு டிஎல்072 ஐசி, ஒரு 9 வோல்ட் பேட்டரி போதும். 8ஆம் காலுக்குப் பிளஸ், 4ஆம் காலுக்கு கிரவுண்டு. 3ஆம் காலிலிருந்து பிளஸுக்கு ஒரு 2.2 மெகா ஓம், கிரவுண்டுக்கு இன்னொன்று; இரண்டும் சேர்ந்துதான் அந்தச் சுமார் 1 மெகா ஓம். வில்லையின் வெள்ளிப் பக்கத்து ஒயர் 10 கிலோ ஓம், 0.1 மைக்ரோ ஃபாரட் வழியாக அதே 3ஆம் காலுக்கு. 2ஐயும் 1ஐயும் சேர்த்துவிட வேண்டும். 1ஆம் காலிலிருந்து 10 மைக்ரோ ஃபாரட் வழியாக வெளியே, அந்த முனையிலிருந்து கிரவுண்டுக்கு ஒரு 100 கிலோ ஓம். சும்மா கிடக்கும் மறுபாதியில் 6ஐயும் 7ஐயும் இணைத்து, 5ஐ 1ஆம் காலோடு சேர்த்தால் முடிந்தது. அந்த 10 கிலோ ஓமை மிச்சம் பிடிக்காதீர்கள்: வில்லையை ஓங்கித் தட்டினால் பத்து இருபது வோல்ட் எகிறும். வில்லையிலிருந்து போர்டு வரை ஷீல்டு ஒயர்தான், அதுவும் ஒரு சாணுக்குள். பித்தளைப் பக்கம் கிரவுண்டு. இரண்டையும் மாற்றிக் கொடுத்தால் தொட்ட மாத்திரத்தில் 50 ஹெர்ட்ஸ் உறுமல்.

அடுத்த சங்கடம் வில்லையில் ஒயரை ஈயம் வைத்து (சால்டர் செய்து) ஒட்டுவதில். சூடு ஏன் ஆகாது என்பதற்கு ஓர் ஒப்பீடு. மீனாட்சியம்மன் கோயில் வடக்கு ஆடி வீதியில் இருக்கும் இசைத்தூண்களின் கருங்கல்லிலும் குவார்ட்ஸ் உண்டு. அழுத்தினால் மின்சாரம் தருகிற அதே படிகம். ஆனால் பொடிப்பொடியாக ஆளுக்கொரு திசையில் கிடப்பதால் ஒன்றின் மின்னூட்டத்தை இன்னொன்று அடித்துவிடும். தூணில் கேட்பது கல்லின் அதிர்வு மட்டுமே. வில்லையின் பீங்கானும் அப்படிச் சிதறிக் கிடக்கும் நுண்படிகக் கூட்டம்தான். தொழிற்சாலையில் உயர் மின்னழுத்தம் கொடுத்து அதை ஒரே பக்கம் திருப்பிவைக்கிறார்கள். சால்டரிங் அயர்னை ஐந்தாறு விநாடி அழுத்தினால் அந்த இடம் பழையபடி கலைந்து செவிடாகும், வெள்ளிப் பூச்சும் ஈயத்தோடு கழன்று வந்துவிடும். 25 வாட் அயர்ன், முனையில் முன்கூட்டியே ஈயம், ஓரத்தில் ஒரு விநாடி, இரண்டைத் தாண்டக் கூடாது. ஒயர் வைத்தே வருகிற வில்லை ஓரிரு ரூபாய் கூட என்றாலும் அதையே வாங்கலாம். உரசித் தேய்க்கும் வேலை வேண்டாம், பீங்கானில் ஈயம் கலந்திருக்கிறது.

ஒட்டுவதில் கடம் கொஞ்சம் படுத்தும். வளைந்த பரப்பில் 27 மி.மீ. தகடு நடுவில் மட்டும் தொட்டுக்கொண்டு நிற்கும். வளைத்து உட்காரவைக்கப் பார்த்தால் பீங்கான் சொடக்கென்று விரியும். 20 மி.மீ. வில்லையாக எடுத்து, எம்-சீலை மெல்லிசாகத் தட்டி அதன்மேல் அமர்த்துவது நல்லது. கழற்றி மாட்ட வேண்டுமென்றால் மெல்லிய இருபக்க டேப். ஸ்பாஞ்சு டேப் கணீரை முழுங்கிவிடும். தேன்மெழுகு ஏசி அறையில் அருமை, சித்திரை வெயிலில் வழுக்கும். இடம்: கழுத்துக்குக் கீழே, விரல் விழாத பக்கம். வாய்க்கு ரொம்பக் கிட்டே வைத்தால் வயிற்று நாதம் குறையும்.

பழைய படிக மைக்குகளில் இருந்த ரோஷல் உப்பு இதைவிட உணர்வானது. அழுத்தினால் மின்சாரம் வருகிறதா என்று கியூரி சகோதரர்கள் 1880இல் சோதித்த படிகங்களில் அதுவும் ஒன்று. ஆனால் 55 டிகிரி தாண்டினால் உருகத் தொடங்கும். மே மாதத்தில் வெயிலில் நிறுத்திய காருக்குள் அதை வைத்துவிட்டு வந்தால் கதை முடிந்தது. பீங்கான் வில்லைக்கு அந்தக் கவலை கிடையாது.

கடையிலேயே சோதித்துவிடலாம். மல்ட்டிமீட்டரை ஏசி மில்லிவோல்ட்டில் வைத்து நகத்தால் சுண்டினால் எண் துள்ள வேண்டும். வெளிச்சத்தில் சாய்த்துப் பார்த்தால் மயிரிழை விரிசல் இருந்தால் தெரிந்துவிடும். எதற்கும் ஐந்தாக வாங்குங்கள். ஈயம் வைத்துப் பழகவே இரண்டு போய்விடும்.