நுண்மணிப் படிவுப் பாறை மாதிரிப் பெட்டி: கற்கள் அருமை, பெயர்ச்சீட்டுகள் அப்படியல்ல

பாறை மாதிரிப் பெட்டிகள் பெரும்பாலானவற்றில் மணற்கல்லுக்கும் சுண்ணாம்புக்கல்லுக்கும் நடுவே 'ஷேல்' என்று ஒரே ஒரு கறுத்த துண்டுதான் ஒப்புக்கு வைக்கப்பட்டிருக்கும். ஆகவே களியும் வண்டலும் படிந்து இறுகிய நுண்மணிப் பாறைகளுக்கென்றே பன்னிரண்டு கற்களோடு வந்த இந்தப் பெட்டியை ஆவலோடு வாங்கினேன். ஒவ்வொரு கல்லும் உள்ளங்கை அளவு இருப்பதால், ஓரத்தை உடைத்து, வெயிலும் மழையும் படாத புது முகத்தைப் பார்க்க முடிகிறது; இது ஒன்றுக்காகவே பெட்டியைப் பாராட்ட வேண்டும்.

குறை பெயர்களில் இருக்கிறது. 1/16 மில்லிமீட்டருக்கும் 1/256 மில்லிமீட்டருக்கும் இடைப்பட்ட துகள் வண்டல், அதனினும் நுண்ணியது களி. பாறையில் மூன்றில் இரண்டு பங்குக்கு மேல் வண்டலானால் சில்ட்ஸ்டோன், களியானால் கிளேஸ்டோன், இரண்டுக்கும் நடுவில் நின்றால் மட்ஸ்டோன், ஏடு ஏடாகப் பிரிந்தால் மட்டுமே ஷேல் என்று உடன் வந்த கையேடு தெளிவாகவே வகுக்கிறது. ஆனால் சீட்டு ஒட்டியவர் அந்தக் கையேட்டைப் பார்த்ததாகத் தெரியவில்லை. 'ஷேல்' என்று எழுதப்பட்ட ஏழாம் எண் கல்லைச் சுத்தியலால் தட்டியபோது ஒரு ஏடுகூடப் பிரியவில்லை. சிப்பியின் உட்புறம் போல வளைந்த முகத்தோடு கட்டியாக உடைந்தது. கழுவிய துணுக்கு ஒன்றை முன்பற்களுக்கிடையே வைத்து உரசினால் முதலில் வழுவழுப்பும், சற்றுப் பொறுத்து மெல்லிய நறநறப்பும் தெரிந்தன. வழுவழுப்பு களிக்கும் நறநறப்பு வண்டலுக்கும் அடையாளம் என்பதால், அது மட்ஸ்டோன். நான்காம் எண்ணோ தொடக்கத்திலிருந்தே பல்லில் நறநறவென்று அரைபட்டது. அதற்குக் 'கிளேஸ்டோன்' என்று பெயரிட்டிருக்கிறார்கள். நுண்மணிப் பாறைகள் அனைத்தையும் ஷேல் என்றே பொதுவாக வழங்குவோர் உண்டு என்பதால் ஏழாம் எண்ணை ஒருவாறு பொறுத்துக்கொள்ளலாம். நான்காம் எண்ணுக்கு அந்தச் சமாதானமும் இல்லை.

அமிலச் சோதனைக்கு ஒதுக்கிய துணுக்குகளைப் பல்லில் வைக்கக் கூடாது என்ற எச்சரிக்கை கையேட்டில் இல்லை, சேர்க்க வேண்டும். நீர்த்த ஹைட்ரோகுளோரிக் அமிலம் ஒரு சொட்டு விட்டதும் ஒன்பதாம் எண் நுரைத்துப் பொங்கியது. அதன் சீட்டில் சுண்ணாம்பைப் பற்றி ஒரு சொல்லும் இல்லை.

இவற்றைவிட என்னை வருத்தியது வேறொன்று. எந்தக் கல் துளையிட்டு ஆழத்திலிருந்து எடுத்தது, எது வெளியே தெரியும் பாறை முகத்தில் பெயர்த்தது என்று பெட்டியில் எங்குமே குறிக்கவில்லை. ஆழத்தில் ஒரே கட்டியாக இருக்கும் பாறை, வெளியே நெடுங்காலம் காற்றும் நீரும் பட்டபின் தாள் தாளாகப் பிரியக்கூடும். இந்த விவரம் இல்லாமல் ஷேலா, மட்ஸ்டோனா என்ற கேள்விக்குக் கிடைக்கும் விடை பாதி விடைதான். அதேபோல், பெட்டியில் தந்திருக்கும் பத்து மடங்கு உருப்பெருக்கியில் களித்துகளைப் பார்க்கவே முடியாது. ஆகையால் கையால் சோதித்து இடும் பெயர் ஒரு மதிப்பீடு என்பதைக் கையேடு முதல் பக்கத்திலேயே சொல்லியிருக்க வேண்டும்.

பாறையியலில் ஓரளவு பழகியவர்கள் தயங்காமல் வாங்கலாம்; சீட்டுகளை உரித்துவிட்டு எண்களை மட்டும் வைத்துக்கொண்டால் மாணவருக்குப் பயிற்சி தர இதைவிட நல்ல கற்களை நான் கண்டதில்லை. முதன்முறையாகக் கற்பவர்கள், திருத்திய சீட்டுகளோடு அடுத்த பதிப்பு வரும்வரை காத்திருப்பது நல்லது.